எதிரே நின்றவன்

சாப்ளினைப் பற்றிய கட்டுரைகள் எனக்கு அலுத்துவிட்டன. எல்லாவற்றிலும் ஒரே ஆள்தான். மேதை, ஏழைகளின் கவி, உலகத்தை எதிர்த்து நிற்கும் தனியன். அவன் எதிர்த்து நிற்கும் அந்த உலகத்துக்கு ஒரு முகமும் எடையும் உண்டா என்று யாரும் கேட்பதில்லை. நானும் இப்படி எழுதியவன்தான். ஆகவே குற்றச்சாட்டு என்னையும் சேர்த்தே.

1916, 1917ல் மியூச்சுவல் நிறுவனத்துக்காக சாப்ளின் எடுத்தவை 12 குறும்படங்கள். அவற்றில் 11ல் எரிக் காம்பெல் நடித்திருக்கிறார். மலை போன்ற சரீரம். நெற்றியில் ஏறும் மை தீட்டிய புருவம். சாப்ளினைப் போலவே இங்கிலாந்தில் ஃப்ரெட் கார்னோவின் குழுவில் தேறியவர். விமர்சனம் இவரைத் 'துணை நடிகர்' என்ற சொல்லில் முடித்துவிடுகிறது.

'ஈஸி ஸ்ட்ரீட்' (1917) படத்தில் சாப்ளின் போலீஸ்காரன். தெருவின் முரடனைத் தடியால் மண்டையில் அடிக்கிறான். முரடனுக்கு உறைக்கவே இல்லை. அந்த உறைக்காமை ஒரு நடிப்பு. காம்பெல் அங்கே ஒரு கண் சிமிட்டலால் நம்மிடம் சிரிப்பை யாசித்திருந்தால் காட்சி செத்திருக்கும். தன் பலத்தைக் காட்ட அவன் விளக்குக் கம்பத்தை வளைக்கிறான்; சாப்ளின் முதுகில் தாவி, அதே விளக்கை அவன் தலையில் கவிழ்த்து வாயுவைத் திறந்துவிடுகிறான். நாம் சிரிப்பது சாமர்த்தியத்தைப் பார்த்து மட்டுமல்ல. பயம் உண்மையாக இருந்ததால் விடுதலையும் உண்மையாகிறது. அந்தப் பயத்தைப் படைத்தவர் காம்பெல்.

இது என் கற்பனை என்பவர்களுக்கு சாப்ளினே சாட்சி. 'தி இமிக்ரண்ட்' (1917) படத்தில் ஹோட்டல் சர்வராக முதலில் நடித்தவர் ஹென்றி பெர்க்மன். சாப்ளின் அவரை மாற்றி, காம்பெலை வைத்து மறுபடி எடுத்தார். கழித்துப் போட்ட அந்தச் சுருள்களை 1983ல் கெவின் பிரௌன்லோவும் டேவிட் கில்லும் தம் ஆவணப்படத்தில் காட்டினார்கள். காசில்லாதவன் முன் நிற்க வேண்டியது எப்படிப்பட்ட சர்வர் என்பது சாப்ளினுக்குத் தெரிந்திருந்தது. அவரைத் தொழுகிறவர்களுக்குத்தான் தெரியவில்லை.

காம்பெல் இல்லாத ஒரே படம் 'ஒன் ஏ.எம்.' (1916). அதிலும் படிக்கட்டு, கடிகாரம், மடக்குக் கட்டில் என்று எதிராளிகளைத் தேட வேண்டியிருந்தது.

காம்பெல் இறந்த பிறகுதானே 'தி கிட்', 'சிட்டி லைட்ஸ்' எல்லாம் வந்தன என்று கேட்பார்கள். வந்தன. சாப்ளினின் மேதைமையை நான் மறுக்கவில்லை. 'தி கோல்ட் ரஷ்' (1925) எடுக்கும்போதும் மாக் ஸ்வெய்ன் என்ற பெரிய உடம்பு அவருக்குத் தேவைப்பட்டது. படைப்பு ஒரே மனத்திலிருந்து சொட்டுகிறது என்ற நம்பிக்கையைத்தான் மறுக்கிறேன். அது விமர்சனம் அல்ல, பக்தி. கவிதையிலும் இதே பக்தியைத்தான் நாம் செய்துகொண்டிருக்கிறோம்.

1917 டிசம்பர் 20ல் லாஸ் ஏஞ்சலஸில் கார் விபத்தில் காம்பெல் இறந்தார். அவருடைய சாம்பல் கேட்பாரற்றுக் கிடந்து, 1952ல்தான் புதைக்கப்பட்டது. மயானத்துக்காரர்களை நான் குறை சொல்லமாட்டேன். அவர்கள் 35 வருஷத்தில் செய்துவிட்டார்கள். நாம் இன்னும் செய்யவில்லை.