ஆற்றங்கரைத் தெருவும் நமது கூத்தும்

1844ஆம் ஆண்டில் மிக்கேல் துரெவ்சன் என்பவர் கூதனோ ஆற்றங்கரையில் ஒரு கடதாசி ஆலையை நிறுவினார். அவ்வாலையைச் சுற்றியே சில்க்போர்க் நகரம் வளர்ந்தது. 2000ஆம் ஆண்டில் ஆலை ஓய்ந்தது. வாழைச்சேனைக் கடதாசி ஆலையை அறிந்த பெற்றோருக்கு ஓர் ஆலை ஓய்வதன் துயரத்தை விளக்க வேண்டியதில்லை. இந்நகரத்தார் பழைய கட்டடங்கள் சிலவற்றைப் பேணி, இசையரங்கு, திரைப்பட மாளிகை, உணவகங்கள் என்று மக்கள் கூடும் இடமாக அதனை மாற்றினர். தெருவின் பெயர் இன்றும் ‘கடதாசி ஆலை’ என்பதே.

அதே ஆற்றங்கரையில் யோர்ன் நூதனசாலை இருக்கின்றது. அஸ்கர் யோர்ன் இந்நகரில் ஆசிரியப் பயிற்சி பெற்றவர். (வாத்தியார் வேலையை விட்டுப் பெயர் பெற்றவர்களும் உளர் என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி.) 1951இல் காசநோயாளியாக இங்கு திரும்பி, உயிர் பிழைத்தார். 1953 முதல் தம் படைப்புகளையும், பிறருடையனவாகத் தாம் சேகரித்தவற்றையும் இச்சிறு நகருக்கே வழங்கலானார். அவர் அளித்தவை ஐயாயிரத்துக்கும் மேல். தலைநகரை அவர் நாடவில்லை.

அங்கே ‘ஸ்டாலின்கிராட்’ என்றோர் ஓவியம் உண்டு. ஏறத்தாழ ஐந்து மீற்றர் அகலம். அப்போரில் தப்பிய இத்தாலிய நண்பர் ஒருவர் கூறியவற்றைக் கேட்ட யோர்ன், 1957 முதல் 1972 வரை அதனைத் திரும்பத் திரும்பத் தீட்டினார். அதில் படைவீரனோ பீரங்கியோ தெளிவாய்த் தெரிவதில்லை. வெண்மையும் கலக்கமுமே தெரிகின்றன. பிள்ளைகளிடம் நம் போரைப் பற்றிப் பேச நாவெழாத பெற்றோர் நம்மிடையே பலர். அவர்கள் ஒருமுறையேனும் பிள்ளைகளோடு அவ்வோவியத்தின் முன் நிற்க வேண்டும். பிள்ளை ஏதேனும் கேட்கும். அப்போது பேச்சுத் தொடங்கும். அரங்கேற்றத்துக்குப் பட்டுச்சேலை தேடி அயல்நாடு வரை ஓடும் நாம், ஆற்றங்கரை வரை நடக்கக் கூடாதா?

இனி என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். நம் ஆண்டு விழா வாடகை மண்டபத்துள், நாமே ஆடி நாமே கைதட்டிக் கலைவதாக இருக்கின்றது. ஊரில் காத்தவராயன் கூத்து திறந்த வெளியில் விடிய விடிய ஆடப்பட்டது. மட்டக்களப்பில் வட்டக்களரியைச் சுற்றி ஊரே அமர்ந்திருந்தது. அத்தகைய கலையைக் கதவடைத்து வைப்பது முறையன்று. ஆலைத் தெருவின் வெளியில் ஒரு மணிநேரக் கூத்தொன்றை நம் மாணவர் ஆடட்டும்.

“மழை வந்தால்?” என்பர் சிலர். குடை பிடிக்கலாம். “டெனிஷ்காரர் சிரிப்பார்களே?” என்பர் வேறு சிலர். கோடையில் இந்நாட்டவரும் திறந்த வெளியில் நாடகம் ஆடுபவர்களே. சினிமாப் பாட்டுக்கு ஆடுவதாயின் மட்டும் மண்டபமே போதும். அதற்காக ஆற்றங்கரையைத் தொந்தரவு செய்ய வேண்டாம்.

ஓகஸ்டில் பாடசாலை தொடங்கியபின் மாலை வெளிச்சம் நீண்டிருக்கும். அதுவே ஏற்ற காலம். கொம்யூனுக்கான அனுமதிக் கடிதத்தை மேல்வகுப்பு மாணவரே டெனிஷில் எழுதுவார்களாயின், மத்தளம் தேடுவது என் பொறுப்பு.