மஞ்சள் முக்கோணம்

விருத்தாசலத்துக்குப் பழமலை என்றும் முதுகுன்றம் என்றும் பெயர்கள் உண்டு. பழமையை மதிக்கிற ஊர் என்று எண்ணிக்கொண்டுதான் சென்ற வாரம் அங்கே ரயிலை விட்டு இறங்கினேன். போன இடத்தில் என் பால்ய சிநேகிதர் ஒரு பழைய கணிப்பொறியைக் கடைக்குத் தள்ளிவிடத் தயாராக நின்றார்!

சிநேகிதருக்குப் பீங்கான் பட்டறை. சூளையின் வெப்பத்தைக் குறித்து வைக்கும் கருவி அந்தக் கணிப்பொறியோடுதான் பேசும்; அதுவும் விண்டோஸ் 7 பாஷையில் மட்டும். ஆகையால் 2016-ல் வாங்கிய இயந்திரத்தில் பழைய விண்டோஸையே போட்டு வைத்திருந்தார். ஏதோ கோளாறு என்று மறுபடி விண்டோஸைப் பதித்தபோது, டிவைஸ் மேனேஜரில் ஒரு மஞ்சள் முக்கோணம் முளைத்தது. பக்கத்தில் ‘இனம் தெரியாத சாதனம்’ என்று ஒரு வரி.

“மதர்போர்டு போச்சாம்ப்பா. புதுசு வாங்கணும்னு கடைக்காரர் சொல்லிட்டார்” என்றார் சோகமாக.

“புதுசு வாங்கினால் சூளைக் கருவி?”

“அதையும் மாத்தணுமாம்!”

ஐந்து வருஷத்துச் சூளைக் குறிப்புகளும் அதோடு போய்விடும். எந்தச் சரக்கை எவ்வளவு சூட்டில் எத்தனை மணி நேரம் வைத்தால் விரிசல் விடாது என்ற அனுபவமெல்லாம் அதில்தான் இருக்கிறது.

“முதலில் ஆசாமியின் பெயரைக் கேட்போம்” என்றேன். அந்த வரியின் மேல் வலது பொத்தானை அழுத்தி, பிராப்பர்ட்டீஸ், டீடெயில்ஸ், ஹார்டுவேர் ஐ.டி. என்று போனால் பெயர் அகப்படும். அகப்பட்டது: எம்.எஸ்.எஃப்.டி. 0101.

அது டி.பி.எம். 2.0 என்னும் பாதுகாப்புச் சில்லு. ரகசியச் சாவிகளைப் பத்திரமாக வைத்திருப்பது அதன் வேலை. விண்டோஸ் 7 வந்தது 2009-ல். அது அறிந்தது பழைய 1.2 சில்லைத்தான். 2.0-க்கான விதிமுறை வெளியானது 2014-ல். பின்னால் பிறந்த பிள்ளையைத் தாத்தாவுக்கு அடையாளம் தெரியவில்லை. பிள்ளை மேல் குற்றமில்லை!

மைக்ரோஸாஃப்ட் இதற்கென்றே கே.பி. 2920188 என்ற திருத்தம் வெளியிட்டது. ஆனால் அது 64 பிட் விண்டோஸ் 7-க்கு, அதுவும் யு.இ.எஃப்.ஐ. முறையில் தொடங்கும் இயந்திரத்துக்கு மட்டுமே. சிநேகிதருடையதோ பழைய முறையில் தொடங்குவது. ஆகவே இரண்டாவது வழி: கணிப்பொறி தொடங்கும்போதே பயாஸுக்குள் போய், செக்யூரிட்டி பகுதியில் அந்தச் சில்லை அணைத்தோம். முக்கோணம் மறைந்தது. செலவு, இரண்டு டம்ளர் காபி.

அணைத்ததால் நஷ்டமில்லையா? அவரிடம் இருப்பது விண்டோஸ் 7 புரொஃபஷனல். டிஸ்க்கைப் பூட்டும் பிட்லாக்கர் அதில் கிடையாது. அல்டிமேட்டிலும் என்டர்பிரைஸிலும்தான் உண்டு. உங்கள் இயந்திரத்தில் பிட்லாக்கர் ஓடினால், மீட்புச் சாவியைத் தனியே எழுதி வைக்காமல் அந்தச் சில்லைத் தொடாதீர்கள்! ‘எல்லா டிரைவரும் இலவசம்’ என்று கூவி அழைக்கும் புரோகிராம்களையும் நம்பாதீர்கள்.

“இனி கவலையில்லையே?” என்றார் சிநேகிதர்.

“ஒன்று இருக்கிறது. 2020 ஜனவரி 14-ஆம் தேதியோடு விண்டோஸ் 7-க்குப் பாதுகாப்புத் திருத்தங்கள் நின்றுவிட்டன. இணைய வயரைக் கழற்றிவிடு. சூளைக் கணக்கு இதில் இருக்கட்டும். பாங்கிக் கணக்கு வேண்டாம்.”

உடனே வயரைப் பிடுங்கினார். பிறகு குறிப்புகளையெல்லாம் ஒரு பென் டிரைவில் பிரதி எடுக்கச் சொன்னேன். ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று நான் எழுந்தபோதும் அவர் பிரதி எடுத்துக்கொண்டுதான் இருந்தார்.