சூரியவர்மன் யார் வீட்டுப் பிள்ளை?

அங்கோர் வாட்டைக் கட்டிய சூரியவர்மன் தமிழ் மன்னன் இல்லை. இதை முதல் வரியிலேயே சொல்லிவிட நினைத்தேன். "உலகத்திலேயே பெரிய கோயிலைக் கட்டியவன் நம் தமிழன், பெருமையோடு பகிருங்கள்" என்று வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்தி எங்கள் ஹெப்பகோடியில் வீட்டுக்கு வீடு வந்திருக்கிறது. கம்போடியா போய்வரத் திட்டமிடுகிற பெரியவர்கள் அதை அப்படியே நம்பிக்கொண்டு கிளம்புகிறார்கள்.

எங்கள் ஊரைத் தெரியாதவர்களுக்குச் சிறு குறிப்பு. பெங்களூரிலிருந்து ஓசூர் போகும் சாலையில், எலெக்ட்ரானிக் சிட்டியைத் தாண்டியதும் வருவது ஹெப்பகோடி. ஐ.டி. வேலைக்கும் பொம்மசந்திரா தொழிற்பேட்டை வேலைக்கும் வந்த தமிழ்க் குடும்பங்கள் இங்கே ஏராளம். பிள்ளைகளோடு வந்து தங்கியிருக்கும் ஓய்வுபெற்ற அப்பா அம்மாக்களும் அதே அளவுக்கு உண்டு. அவர்கள் கூட்டாகச் சேர்ந்து காசி போவார்கள், நவக்கிரகத் தலங்களுக்கு வேன் பிடிப்பார்கள். 2023இல் பேலூர், ஹளேபீடு, சோமநாதபுரம் மூன்றும் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியதும் அங்கேயும் போய்வந்தார்கள். அடுத்ததாகப் பேச்சு அங்கோருக்கு வந்து நின்றது. அந்தக் குழுவோடு நானும் போனேன். வழிகாட்டியோடு பல நாள் கோயில் கோயிலாகச் சுற்றும் பயணம்.

அங்கோர் வாட்டின் மேற்கு வாசலில் எங்களுடன் வந்த கும்பகோணத்து அம்மா ஒருவர், வழிகாட்டியாக வந்த, கம்போடியாவின் கெமர் இன இளைஞரிடம் ஆசையாகக் கேட்டார். "தம்பி, இது எங்க ஊரு ராஜா கட்டினதாமே?" அவருடைய மருமகன் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். அந்த இளைஞர் எதிர்வாதம் எதுவும் செய்யவில்லை. எல்லோரையும் தெற்குச் சுற்று மண்டபத்துக்கு அழைத்துப்போனார். அங்கே சுவரில் நீளமாக ஓர் ஊர்வலம் செதுக்கியிருக்கிறது. குடைகளும் விசிறிகளும் சூழ ஒரு மன்னன் அமர்ந்திருக்கிறான். பக்கத்தில் சிறிய எழுத்தில் பழைய கெமர் மொழியில் அவன் பெயர். இறந்தபின் அவனுக்கு வழங்கிய பெயர் அது, பரமவிஷ்ணுலோகன். யானை மேல் வரும் தளபதிகள் பலருக்கும் தனித்தனியே பெயர் பொறித்திருக்கிறார்கள். "இவர் எங்கள் ராஜா. இது எங்கள் எழுத்து" என்று மட்டும் சொன்னார் அந்த இளைஞர். அம்மா கொஞ்ச நேரம் அந்த எழுத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு, "அப்ப நல்லாக் கேட்டுக்கலாம், சொல்லச் சொல்லுப்பா" என்று மருமகனிடம் சொன்னார். எங்கள் பயணம் உண்மையில் தொடங்கியது அப்போதுதான்.

தமிழர்கள் போய் நிலைகொண்ட இடங்களில் தமிழ்க் கல்வெட்டு விட்டுவந்திருக்கிறார்கள். அதற்குக் கடல் கடக்கவே வேண்டாம், பெங்களூர் தொம்மலூரில் சொக்கநாதசாமி கோயிலுக்குப் போனாலே தமிழ் எழுத்தைப் பார்க்கலாம். தாய்லாந்தின் தக்குவாபாவில் ஒன்பதாம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு இருக்கிறது. சுமத்திராவின் பாரூஸில் 1088ஆம் ஆண்டுக் கல்வெட்டு, சீனத்தின் சூவான்சௌவில் 1281ஆம் ஆண்டுக் கல்வெட்டு. அங்கோர் மன்னர்களோ தங்கள் சாசனங்களைச் சமஸ்கிருதத்திலும் பழைய கெமர் மொழியிலும் எழுதினார்கள். 'வர்மன்' என்ற பெயரின் முடிவைப் பார்த்து, பல்லவ மகேந்திரவர்மனுக்கு இவன் உறவு என்று முடிவுகட்டுவது சரியாகாது. கெமர் எழுத்து பல்லவ எழுத்தின் வழி வந்தது என்பது உண்மைதான். ஆனால் அந்த எழுத்தை வாங்கி, 611ஆம் ஆண்டிலேயே தங்கள் சொந்த மொழியைக் கல்லில் பொறித்துவிட்டவர்கள் அவர்கள். பக்கத்து வீட்டுப் பிள்ளை முதல் மதிப்பெண் வாங்கினால் அவனை நம் பிள்ளை என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிவதில் பாசம் ஏதும் இல்லை. பெற்றவள் மனம் நோகும், அவ்வளவுதான்.

இந்தப் பொய்ப் பெருமையில் எனக்கு உள்ள பெரிய வருத்தம் வேறு. உண்மையான உறவு ஒன்று இருக்கிறது, இந்தக் கூச்சலில் அது காணாமல் போகிறது.

பந்தே ஸ்ரீக்குப் போனவர்கள் அதைப் பார்த்திருப்பார்கள். செம்மணற்கல்லில் மரச்சிற்பம் போல இழைத்த சின்னக் கோயில். 967இல் குடமுழுக்கு கண்டது. கட்டியவன் மன்னனல்ல, யஜ்ஞவராகன் என்ற அரச குரு. ராவணன் கயிலையை அசைப்பது, காமன் எரிவது, வாலி சுக்ரீவன் சண்டை எல்லாம் அங்கே உண்டு. ஒரு முகப்பில் சிவன் ஆடுகிறார். அவர் பக்கத்தில் கீழே, எலும்பு தெரிய, முலை வற்றி, ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். அவள் காரைக்கால் அம்மையார் என்று ஆய்வாளர்கள் அடையாளம் கண்டிருக்கிறார்கள். பேயுருவை வேண்டிப் பெற்று, ஆடும் பெருமானின் அடிக்கீழ் இருக்கக் கேட்ட நம் அம்மையார்தான். கங்கைகொண்ட சோழபுரத்து நடராசர் காலடியில் அவரைப் பார்த்திருக்கிறோம். பந்தே ஸ்ரீ அதற்கு அரை நூற்றாண்டுக்கும் மேல் மூத்தது. ராஜேந்திரன் கடாரத்தின் மேல் கப்பல் அனுப்பியது 1025இல். ஆக, எந்தப் படையும் போவதற்கு முன்பே, யாரோ சில அடியார்கள் நெஞ்சில் சுமந்துபோன கதையாகத்தான் காரைக்கால் அம்மையார் கெமர் சிற்பியின் உளிக்குப் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும் என்று நான் நம்புகிறேன். எங்கள் குழுவில் பாதிப்பேர் அங்கே கைகூப்பி நின்றார்கள். வழிகாட்டிக்கு அம்மையாரின் கதை தெரியவில்லை. மாங்கனிக் கதையைக் கும்பகோணத்து அம்மாதான் அவருக்குச் சொன்னார். அந்த இளைஞர் குறிப்பேட்டை எடுத்து எழுதிக்கொண்டார்.

அங்கிருந்து இங்கே வந்தவையும் உண்டு. ராஜேந்திர சோழனின் கரந்தைச் செப்பேடு, கம்போஜ மன்னன் நட்பை நாடித் தன் தேரை அவனுக்கு அனுப்பியதைச் சொல்கிறது. அந்த மன்னன் முதலாம் சூரியவர்மன் என்பது வரலாற்றாசிரியர்கள் பலரின் கருத்து. சிதம்பரத்தில் 1114ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. கம்போஜ அரசன் குலோத்துங்க சோழனுக்குக் காட்சியாகக் கொடுத்த கல் ஒன்றைக் கோயிலில் பதித்த செய்தி அது. அதற்கு முந்திய ஆண்டுதான் அங்கே, அங்கோர் வாட்டைக் கட்டிய இரண்டாம் சூரியவர்மன் பட்டமேறியிருந்தான். இரண்டு அரசுகளுக்கும் இடையே நட்பு இருந்த காலம் அது. நான் என் பேரனுக்குச் சொல்ல விரும்புகிற பெருமை இதுதான்.

இனி, போகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். அங்கோர் வாட்டில் சூரிய உதயம் பார்ப்பதிலிருந்து தொடங்காதீர்கள். பெரும்பாலான சுற்றுலாத் திட்டங்கள் அப்படித்தான் போடப்படுகின்றன, விடியற்காலையில் குளக்கரையில் ஆயிரம் கைப்பேசிகளுக்கு நடுவே நிறுத்திவிடுகிறார்கள். வழிகாட்டியிடம் சொல்லி ரொலுவோஸிலிருந்து தொடங்குங்கள். சியாம் ரியப் நகரத்திலிருந்து கிழக்கே கொஞ்ச தூரம்தான். 879இல் எழுந்த ப்ரியா கோ, 881இல் எழுந்த பகோங், 893இல் எழுந்த லோலெய் மூன்றும் அங்கே அருகருகே இருக்கின்றன. ப்ரியா கோ கோயிலில் முன்னோருக்காகக் கட்டிய ஆறு செங்கல் கோபுரங்கள். பகோங் ஐந்தடுக்காக உயரும் கல் மலை. அங்கோர் வாட் என்ற மாமலை எந்த விதையிலிருந்து வளர்ந்தது என்று அங்கே நின்றால் கண்ணுக்குப் புரியும். லோலெய் ஒரு காலத்தில் பெரிய ஏரியின் நடுவே தீவாக இருந்தது, இப்போது சுற்றிலும் வயல். அதன் கதவு நிலைகளில் உள்ள எழுத்தைத் தவறவிடாதீர்கள். ஹெப்பகோடிக்காரர்களுக்கு இதில் தனிச் சுவாரசியம் ஒன்று உண்டு. நம் பக்கத்துப் பேகூர் நாகேஸ்வரர் கோயிலில், பெங்களூர் என்ற பெயரை முதன்முதலாகச் சொல்லும் நடுகல் இருக்கிறதல்லவா, அதன் காலம் சுமார் 890. பேகூரில் யாரோ ஒரு வீரனுக்குக் கல் நட்ட அதே ஆண்டுகளில்தான் லோலெய்யில் செங்கல் அடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

ரொலுவோஸ் முடித்து, பந்தே ஸ்ரீ பார்த்து, பிறகு அங்கோர் வாட் போனால் அதன் அளவு மனதில் உட்காரும். அகழி மட்டுமே 190 மீட்டர் அகலம். நடுக்கோபுரம் 65 மீட்டர் உயரம். பாற்கடல் கடையும் சிற்பம் ஏறக்குறைய 50 மீட்டர் நீளத்துக்குப் போகிறது. குருட்சேத்திரமும் இலங்கைப் போரும் மேற்குச் சுவரில். அம்புப் படுக்கையில் பீஷ்மரைப் பார்த்ததும் நம் பெரியவர்களே கதை சொல்லத் தொடங்கிவிடுவார்கள். சொல்லட்டும். ஆனால் அந்த ஊர்வலச் சுவருக்கு நேரம் மிச்சம் வையுங்கள். பாயோனிலும் அப்படித்தான். எல்லோரும் மேலே உள்ள கல் முகங்களைப் படம் எடுத்துவிட்டுப் போய்விடுகிறார்கள். கீழ்ச்சுவரில் மீன் விற்கிறவள், சேவல் சண்டைக்கு முண்டியடிக்கிற ஆண்கள், அடுப்பங்கரை, சந்தைக் கடை என்று அன்றைய கெமர் மக்கள் உயிரோடு இருக்கிறார்கள். ராஜாக்களைவிட எனக்கு அவர்கள்தான் அதிகம் நினைவில் நிற்கிறார்கள்.

தா ப்ரோம் பற்றிக் கொஞ்சம் நிறுத்திச் சொல்ல வேண்டும். மரங்கள் கோயிலைக் கவ்விப் பிடித்திருக்கும் அந்த இடம் சினிமாவால் பிரபலம். 1186இல் ஏழாம் ஜெயவர்மன் தன் தாயின் நினைவாகக் கட்டியது. அதன் கல்வெட்டு ஒரு கணக்குப் புத்தகம். 3,140 ஊர்கள், 79,365 பேர் அந்தக் கோயிலுக்கு ஊழியம் செய்தார்கள், ஆடல் மகளிர் 615 பேர். அதே கல்வெட்டில், நாடெங்கும் 102 மருத்துவச் சாலைகள் இருந்ததாகவும் வருகிறது. இன்று அங்கோர் நுழைவுச்சீட்டு ஒவ்வொன்றிலிருந்தும் இரண்டு டாலர் காந்தா போபா குழந்தைகள் மருத்துவமனைகளுக்குப் போகிறது, அங்கே ஏழைப் பிள்ளைகளுக்குச் சிகிச்சை இலவசம். சியாம் ரியப்பில் உள்ள அவர்களுடைய மருத்துவமனையின் பெயர் ஏழாம் ஜெயவர்மன்.

தா ப்ரோமைச் செப்பனிடும் பணியில் நம் இந்தியத் தொல்லியல் துறை இருபது ஆண்டுகளுக்கும் மேலாக ஈடுபட்டிருக்கிறது. அங்கே ஆடல் மண்டபத்தைப் புதுப்பித்து 2022இல் திறந்தார்கள். அதற்கு முன், 1986 முதல் 1993 வரை, உள்நாட்டுப் போர் ஓயாத காலத்தில், அங்கோர் வாட்டிலும் நம்மவர்கள் வேலை செய்தார்கள். கல்லைச் சுத்தம் செய்த முறை பற்றி விமர்சனமும் வந்தது. அதை மறைக்க வேண்டியதில்லை. கெமர் ரூஜ் ஆட்சியில் பதினைந்து லட்சத்துக்கும் அதிகமான மக்களைப் பறிகொடுத்த நாட்டில், பலரும் வரத் தயங்கிய நேரத்தில் போய் நின்றார்கள் என்பதும் உண்மை.

இன்னொரு உறவும் இருக்கிறது, வலியான உறவு. நம் கோயில்களைப் போலவே அவர்கள் கோயில்களும் கொள்ளைபோயின. கோ கெர் என்ற இடத்தில் வெறும் பாதங்கள் மட்டும் பீடத்தில் மிஞ்சியிருந்தன. அந்தப் பாதங்களுக்குரிய துரியோதனன் நியூயார்க் ஏலக் கடையில் விலைக்கு வந்தான். வழக்கு நடந்து, 2014இல் கம்போடியாவுக்குத் திரும்பினான். அவனோடு மோதும் பீமன் கலிபோர்னியாவின் ஓர் அருங்காட்சியகத்திலிருந்து அதே ஆண்டு வந்து சேர்ந்தான். அரியலூர் பக்கத்து ஸ்ரீபுரந்தான் நடராசர் ஆஸ்திரேலியாவிலிருந்து நமக்குத் திரும்பிக் கிடைத்ததும் அந்த 2014இல்தான். இதை நான் வழிகாட்டியிடம் சொன்னபோது அவர் நடையை நிறுத்திவிட்டு, "திரும்பவும் கோயிலிலேயே வைத்தார்களா?" என்று கேட்டார். இல்லை, பாதுகாப்பு மையத்தில் இருக்கிறது என்றேன். "எங்களுடையதும் புனோம் பென் அருங்காட்சியகத்தில்தான்" என்றார்.

போகிறவர்கள் நவம்பருக்கும் பிப்ரவரிக்கும் இடையில் போங்கள், வெயில் அப்போதுதான் தாங்கும். ஒருநாள் சீட்டு வேண்டாம். மூன்று நாள் சீட்டைப் பத்து நாளுக்குள் எந்த மூன்று நாளிலும் பயன்படுத்தலாம், ஆகவே முழங்கால் வலி உள்ளவர்கள் நடுவில் ஓய்வெடுக்கலாம். அங்கோர் வாட்டின் மேல்தளத்துப் படிகள் செங்குத்தானவை, தோளும் முழங்காலும் மூடிய உடை இருந்தால்தான் ஏற விடுவார்கள். கோ கெர்ருக்குத் தனிச் சீட்டும் ஒரு முழு நாளும் வேண்டும். உரிமம் பெற்ற உள்ளூர்க் கெமர் வழிகாட்டியையே கேட்டு வாங்குங்கள். இங்கிருந்து கூடவே வரும் டூர் மேலாளர் சாப்பாட்டையும் பஸ்ஸையும் பார்த்துக்கொள்ளட்டும், கோயிலுக்குள் அந்த ஊர்க்காரர் பேசட்டும். அவரிடம் காரைக்கால் அம்மையார் கதையை மட்டும் நீங்கள் சொல்லுங்கள். அடுத்த முறை வரும் தமிழர்களுக்கு அவர் அதைச் சொல்வார்.