பி. ரம்லி நமக்கு அந்நியரா?

'உள்ளூர் மாடு விலை போகாது' என்பது நம் முன்னோர் பட்டறிந்து சொன்ன மொழி. பினாங்குத் தமிழரிடையே அப்பழமொழிக்கு இன்னும் உயிர் இருக்கிறது. கோடம்பாக்கத்து நடிகர் எவர், எந்த ஆண்டில், எந்தப் படத்தில் நடித்தார், அப்படம் எத்தனை நாள் ஓடியது என்று கேட்டால் நம் வீடுகளில் பெரியவரும் சிறியவரும் தடையின்றி ஒப்பிப்பர். இதே தீவில், இதே ஜார்ஜ் டவுனில் பிறந்து, மேடையிலிருந்து திரைக்கு ஏறி, நடிகராகவும் இயக்குநராகவும் இசையமைப்பாளராகவும் விளங்கிய பி. ரம்லியைப் பற்றிக் கேட்டாலோ, "ஆமாம், நல்ல பாடகர்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும்.

ஏன் இந்த நிலை என்று வினவினால் இரண்டு விடைகள் வருகின்றன. "அவர் மலாய்க் கலைஞர், மலாய்க்காரர் போற்றட்டும், நமக்கு அதில் என்ன?" என்பது ஒன்று. "அவரை ஆளாக்கியவர்களே இந்தியாவிலிருந்து வந்த இயக்குநர்கள்தாம், நம்மவர் இல்லையேல் ரம்லி ஏது?" என்பது மற்றொன்று. முன்னது ஒதுங்கல், பின்னது வீண் பெருமை. இரண்டும் பிழை. இரண்டுக்கும் விலை கொடுப்பவர்கள் நம் தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகள் என்பதாலேயே இதை எழுத நேர்ந்தது.

முதலில் ஒதுங்குவோரை நோக்கிச் சில சொற்கள். ரம்லி 1929ஆம் ஆண்டு மார்ச் 22ஆம் நாள் பினாங்கில் பிறந்தார். தந்தையார் சுமத்திராவின் ஆச்சே பகுதியிலிருந்து வந்து குடியேறியவர். தந்தை பெயரிலுள்ள 'புத்தே' என்பதன் முதலெழுத்தே 'பி' ஆயிற்று. தந்தை பெயரின் முதலெழுத்தைத் தன் பெயர்முன் இட்டுக்கொள்ளும் வழக்கம் தமிழர் எவருக்கேனும் புதிதா? கடல் கடந்து வந்த ஒருவரின் மகன் இந்நாட்டுக் கலையின் முகமாக உயர்ந்தார் என்றால், கடல் கடந்து வந்தவர்களின் பேரப்பிள்ளைகளாகிய நமக்கு அவ்வரலாற்றில் கற்க ஒன்றுமே இல்லையா?

அவர் காலூன்றிய கலைமரபும் நமக்கு முற்றிலும் புறம்பானதன்று. மலாய் மக்களின் பங்சாவான் நாடகம் இப்பினாங்கில்தான் உருப்பெற்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்தியாவிலிருந்து கப்பலேறி வந்த பார்சி நாடகக் குழுக்களைப் பார்த்தே அது தோன்றிற்று. மாமாக் புஷி என்பார் 1885ஆம் ஆண்டளவில் இங்கு நிறுவிய இந்திரா பங்சாவான் குழு அதன் தொடக்கங்களுள் ஒன்று. அதே பார்சி குழுக்கள் சென்னைக்கும் சென்றன. வண்ணத் திரைச்சீலைகளும் ஆர்மோனியமும் பாட்டும் வசனமும் கலந்த நம் கம்பெனி நாடகங்கள் அவற்றிடம் கற்றுக்கொண்டவை பல. ஆக, பங்சாவான் மேடையும் தமிழ்க் கம்பெனி மேடையும் ஒரே ஊற்றில் நீர் குடித்தவை. பங்சாவான் கலைஞர்களைக் கொண்டே 1930களில் முதல் மலாய்க் கதைப்படமாகிய 'லைலா மஜ்னூன்' எடுக்கப்பட்டது. இயக்கியவர் இந்தியரான பி. எஸ். ராஜ்ஹன்ஸ். இவ்வாறு பின்னிக் கிடக்கும் இழைகளுக்கு நடுவே நின்றுகொண்டு, "இது அவர்களுடையது, இது நம்முடையது" என்று கோடு கிழிப்பது அறியாமையே அன்றி வேறன்று.

இனிப் பெருமை பேசுவோரிடம் வருவோம். அவர்கள் சொல்வதில் உண்மை இல்லாமல் இல்லை. இளைஞர் ரம்லியின் பாட்டை 1948இல் புக்கிட் மெர்த்தாஜாம் மேடையில் கேட்டு அவரைச் சிங்கப்பூருக்கு அழைத்தவர் அதே ராஜ்ஹன்ஸ்தான். அவ்வாண்டே 'சிந்தா' படத்தில் ரம்லி வில்லனாகத் தோன்றினார். அவரை முதன்முதலாகக் கதாநாயகனாக்கிய 'பக்தி' (1950) படத்தை இயக்கியவர் எல். கிருஷ்ணன். சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்த இத்தமிழரின் பெயரை நம் பிள்ளைகளில் எத்தனை பேர் அறிவர்? எஸ். ராமநாதன், பி. என். ராவ், வங்கத்தின் பணி மஜும்தார் என்று சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவில் பணியாற்றிய இந்தியர் பலர். மஜும்தார் இயக்கிய 'அனாக்கு சசாலி' (1956) ரம்லிக்கு மறு ஆண்டு ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதைத் தேடித் தந்தது.

எனினும், கற்பித்தவர் பெருமை எதில் இருக்கிறது? மாணவன் தம்மைப் போலவே செய்வதிலா, தம்மைக் கடந்து செல்வதிலா? அக்காலத்து இயக்குநர்களின் படங்களில் பெயர்களும் உடைகளும் மலாயாகவும், கதைப்போக்கும் உணர்ச்சியும் பம்பாய், சென்னைப் படங்களின் சாயலாகவும் இருந்தன என்னும் குறை அந்நாளிலேயே எழுந்தது. அக்குறையைத் தீர்க்க ரம்லி கோஷம் எழுப்பவில்லை. இரவல் கதையையும் நாடவில்லை. 1955இல் தாமே இயக்கிய முதல் படமான 'பெனாரிக் பெச்சா'வில் மூன்று சக்கர வண்டி மிதிக்கும் ஏழை ஒருவனைக் கதாநாயகனாக நிறுத்தினார். செல்வரின் செருக்கையும் ஏழையின் மானத்தையும் தம் மக்களின் வழக்குமொழியிலேயே பேசவைத்தார். அன்றுதொட்டு நடிப்பு, இயக்கம், கதை, இசை அனைத்தையும் ஒருவரே தாங்கினார். தம் வாழ்நாளில் 60க்கு மேற்பட்ட படங்களில் நடித்து, 30க்கு மேற்பட்ட படங்களை இயக்கினார். "நாங்கள் ஆளாக்கினோம்" என்று மார்தட்டுவோரை ஒன்று கேட்கிறேன்: அவர் கற்றுக்கொண்டு தம் மண்ணின் கதையைச் சொன்னார்; கற்பித்த இனத்தவராகிய நாம் இம்மண்ணில் வாழும் நம் கதையை எந்த மேடையில் சொன்னோம்?

ரம்லிக்கு இவ்வாற்றல் வானத்திலிருந்து விழவில்லை. படிக்கும் காலத்திலேயே இசைக்கருவிகளைப் பயின்றார். ஊர் இளைஞரோடு இசைக்குழுவில் சேர்ந்தார். வானொலிப் பாட்டுப் போட்டிகளில் பாடினார். திருவிழா மேடைகளில் ஏறினார். மேடையில் தவறினால் 'மீண்டும் எடுப்போம்' என்று சொல்ல ஆளில்லை. எதிரே அமர்ந்திருக்கும் கூட்டம் சிரிக்கிறதா, சலிக்கிறதா என்பதை அக்கணமே உணர்ந்து தன்னைத் திருத்திக்கொள்ள வேண்டும். அங்கே கிடைத்த பயிற்சியே பின்னர் 'பூஜாங் லாப்போக்' (1957) போன்ற நகைச்சுவைப் படங்களில் சொல்லையும் மௌனத்தையும் அளந்து வைக்கும் திறனாக மலர்ந்தது. 'செனிமான் பூஜாங் லாப்போக்' (1961) படத்திலோ, நடிகராகும் ஆசையோடு ஸ்டூடியோவுக்கு வரும் மூவரை வைத்துத் தம் தொழிலையே எள்ளி நகையாடினார். தன் கலையைப் பார்த்துத் தானே சிரிக்க வல்லவனே அதன் நுட்பம் கண்டவன்.

இப்போது நம் பள்ளிகளின் ஆண்டு விழா மேடைகளைப் பாருங்கள். ஒலிபெருக்கியில் ஒரு சினிமாப் பாட்டு முழங்குகிறது. பிள்ளைகள் அதற்கு வாயசைத்து ஆடுகிறார்கள். குரல் அவர்களுடையதன்று, சொல் அவர்களுடையதன்று, அசைவும் எங்கோ ஒரு நடன ஆசிரியர் வேறொருவருக்கு அமைத்தது. பெற்றோர் கைதட்டுகின்றனர், பரிசும் வழங்கப்படுகிறது. தன் குரலில் ஒரு வாக்கியத்தைக் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி பேச அப்பிள்ளை கற்றதா? இல்லை. இதைக் கலை வளர்ச்சி என்று நாம் அழைப்பது நம்மை நாமே ஏமாற்றிக்கொள்வதாகும்.

"பெற்றோர் அதைத்தானே விரும்புகின்றனர்?" என்பர் சிலர். பெற்றோர் விரும்புவதை மட்டும் தருவதற்கு ஆசிரியர் எதற்கு? "தேர்வு நெருக்கடியில் நாடகப் பயிற்சிக்கு நேரமேது?" என்பர் வேறு சிலர். யூ.பி.எஸ்.ஆர். தேர்வு 2021இல் நீக்கப்பட்டது. பழைய சாக்கு பழைய வலுவோடு இனி நிற்காது. "கூத்தாடிப் பிழைப்பு என் பிள்ளைக்கு வேண்டாம்" என்பர் இன்னும் சிலர். இவர்களுக்கு ரம்லியே விடை சொல்லிச் சென்றார். அவரது 'இபு மெர்த்துவாக்கு' (1962) படத்தில், மகள் மணக்க விரும்புபவன் இசைவாணன் என்று அறிந்ததும் சீறுகிறாள் ஒரு செல்வச் சீமாட்டி. அந்த இகழ்ச்சி பினாங்குக்கு வந்து வாழும் ஓர் இளங்குடும்பத்தைப் பிரித்து, கலைஞனின் கண்களையே பறித்துவிடுகிறது. அச்சீமாட்டியின் குரல் நம் வீட்டுக் கூடங்களில் தமிழிலும் ஒலிக்கிறது. திரையில் நடிகரைத் தெய்வமாக்கி, வீட்டில் 'கூத்தாடி' என்பதை வசைச்சொல்லாக வைத்திருக்கும் முரண்பாடு நமக்கே உரியது.

சமுதாயம் கலைஞனை மறந்தால் என்ன நேரும் என்பதற்கும் அவர் வாழ்வே சான்று. 1964இல் கோலாலம்பூர் வந்து மெர்டேக்கா ஸ்டூடியோவில் படமெடுத்த ஆண்டுகளில் வசதியும் குறைந்தது, வரவேற்பும் குறைந்தது. 'லக்சமானா டோ ரே மி' (1972) படத்திற்குப் பின் அவர் இயக்க வேறு படம் அமையவில்லை. 1973 மே 29ஆம் நாள், 44 வயதில் மறைந்தார். 'டான் ஸ்ரீ' விருது 1990இல்தான் வந்தது. சாலைக்குப் பெயர் சூட்டினர். பிறந்த வீட்டை நினைவில்லமாக்கினர். நன்று. ஆயின் உயிரோடிருந்தபோது கிடைக்காத ஆதரவை மறைந்தபின் வந்த பட்டம் ஈடு செய்யுமா?

ஆகவே நான் வேண்டுவன மூன்று. பினாங்குத் தமிழ்ப்பள்ளி ஒவ்வொன்றும் தன் மாணவரை ஆண்டுக்கொரு முறையேனும் ஜாலான் பி. ரம்லியிலுள்ள அவ்வீட்டிற்கு அழைத்துச் செல்லட்டும். அங்கே ரம்லியின் கதையோடு கிருஷ்ணனின் கதையையும் சொல்லட்டும். ஆண்டு விழாவில் வாயசைப்பு ஆட்டங்களுக்கு இடையே, இந்நாட்டில் எழுதப்பட்ட ஒரு தமிழ் நாடகத்திற்கேனும் அரைமணி நேரம் ஒதுக்கட்டும். ஆசிரியர் பயிற்சியில் நாடகம் ஒப்புக்கு வைத்த பாடமாக இராமல், ஒவ்வொரு பயிற்சி ஆசிரியரும் ஒரு முறையேனும் மேடையேறி, ஒரு நாடகத்தையேனும் இயக்கிப் பார்க்கும் நிலை வரட்டும். எழுத்தாளர் சங்கத்தார் சிறுவர் நடிக்கத்தக்க நாடகங்களை எழுதித் தந்தால் பள்ளிகள் 'நாடகம் கிடைக்கவில்லை' என்று சொல்ல வழியிராது.

ரம்லி நமக்கு அந்நியர் அல்லர். நாம் படைத்த பொம்மையும் அல்லர். இவ்வூர் மேடையில் நின்று தன் குரலைத் தானே கண்டெடுத்த இவ்வூர்ப் பிள்ளை அவர். நம் பிள்ளைகளுக்கும் குரல் உண்டு. அதை அவர்கள் கண்டெடுக்க ஒரு மேடை கொடுப்பது நம் கடமை.