துப்பாக்கிக்குக் குறுக்கு விசாரணை தெரியாது

‘சுழல்’ தொடரின் முதல் சீசன் முடிவில், தன்னையும் தங்கை நிலாவையும் சீரழித்த சொந்தக்காரனை நந்தினி கொல்கிறாள். எங்கள் வீட்டில் எல்லோரும் ‘சபாஷ்’ என்றோம். வக்கீல் குமாஸ்தாவான எனக்கும் அந்த நிமிஷம் சட்டம் எதுவும் ஞாபகத்துக்கு வரவில்லை.

ஆனால் முந்தைய பாகங்களை நினைத்துப் பாருங்கள். 2022இல் வந்த அந்தக் கதையில், அதை எழுதிய புஷ்கர்-காயத்ரி நம் சந்தேகத்தை ஆள் மாற்றி ஆள் மேல் ஏவிக்கொண்டே இருந்தார்கள். ஆலை எரிந்ததற்குத் தொழிற்சங்கத் தலைவர் சண்முகத்தைத் திட்டினோம். நிலா காணாமல் போனதற்கு ஒரு பையனைத் திட்டினோம். இரண்டாம் பாகத்திலேயே என் கையில் துப்பாக்கி இருந்திருந்தால் நிரபராதி செத்திருப்பான். குற்றவாளி துக்கம் விசாரிக்க வந்திருப்பான்.

விசாரிக்காமல் சுடக் கூடாது என்பது திருவல்லிக்கேணியில் எளிதில் எடுபடாது. 2003இல் ரவுடி அயோத்திக்குப்பம் வீரமணி போலீஸ் என்கவுன்டரில் செத்ததை இன்றும் சினிமாக் கதைபோலச் சொல்பவர்கள் இங்கே உண்டு. பாரதி சாலை டீக்கடையில் ஒரு தம்பி கேட்டார்: “அண்ணே, கோர்ட்டுக்குப் போனா வாய்தா மேல வாய்தா. போட்டுத் தள்ளுனா ஒரே நாள்ல முடிஞ்சிடும்ல?”

வாய்தா விஷயத்தில் அவர் சொல்வது நியாயம். நூல் இற்றுப்போய், வேறு நூல் போட்டுக் கட்டிய கேஸ் கட்டுகளை நானே சுமந்திருக்கிறேன். அப்படியொரு வழக்கில்தான், தெருவிளக்கு வெளிச்சத்தில் ஆளைப் பார்த்ததாகச் சொன்ன சாட்சி, அன்றிரவு தெருவில் கரண்டே இல்லை என்று குறுக்கு விசாரணையில் ஒப்புக்கொண்டார். தோட்டா முந்தியிருந்தால் அது வெளியே வந்தே இருக்காது.

2019 டிசம்பரில் ஹைதராபாத்தில், பாலியல் கொலை வழக்கில் பிடிபட்ட நான்கு பேரைப் போலீஸ் சுட்டுக் கொன்றது. ஜனங்கள் போலீஸார் மேல் பூத்தூவினார்கள். போலீஸ் சொன்னது நம்பும்படி இல்லை, கொல்லும் நோக்கத்தோடுதான் சுட்டார்கள் என்று நீதிபதி சிர்புர்கர் ஆணையம் 2022இல் சொன்னது. அந்த நால்வர் குற்றவாளிகள்தானா என்பதை இனி எந்தக் கோர்ட்டும் விசாரித்துத் தீர்ப்புச் சொல்ல முடியாது.

‘சுழல்’ எழுதியவர்கள் இந்த விஷயத்தில் நேர்மையானவர்கள். 2025இல் வந்த இரண்டாம் சீசனில் நந்தினி சிறையில் இருக்கிறாள். அவள் மேல் நமக்கு இரக்கம் வருகிறது, வரட்டும். அந்த இரக்கத்தைக் கோர்ட்டில் எடுத்துவைக்க வழியுண்டு. அவளுக்கே வழக்கு உண்டென்றால், காக்கிச் சட்டைக்கு மட்டும் ஏன் மாலை?

வாய்தா வதைக்கிறதென்றால், காலியாகக் கிடக்கும் நீதிபதி இடங்களை நிரப்பச் சொல்லிச் சத்தம் போடுவோம். டீக்கடைத் தம்பியோடு நானும் வருகிறேன்.