சுவடியும் உயிர்ச்சுவடும்

தமிழ்ச் சபைகளிலே உயிர்களின் தோற்றம் பற்றிப் பேச்செழுந்தால், ஒரு கூற்றுத் தவறாமல் வருகின்றது. மேனாட்டார் நேற்றுக் கண்ட கூர்ப்புக் கொள்கையைத் தொல்காப்பியர் அன்றே மரபியலிற் கூறிவிட்டார் என்பதே அது. கேட்போர் கைதட்டுகின்றனர், மாணாக்கர் குறித்துக்கொள்கின்றனர். நெடுங்காலமாக இலக்கணம் கற்பித்து வரும் நான் இதனை ஏற்க இயலாதவனாக உள்ளேன்.

மரபியல் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு ஈறாக வகுக்கின்றது. புல்லும் மரமும் ஓரறிவின. நந்து முதலியன ஈரறிவின. புலனை அளவுகோலாகக் கொண்ட இவ்வகைப்பாடு தமிழர் பெருமைக்குரியது. ஆயின், ஒரு வகையிலிருந்து மற்றொரு வகை காலப்போக்கிற் பிறந்தது என அச்சூத்திரங்கள் யாண்டும் கூறவில்லை. வகுத்தல் ஒன்று, வழிவழி வந்த மாற்றத்தைக் காணுதல் பிறிதொன்று. பின்னையதற்குக் கல்லைப் படித்தல் வேண்டும்.

கல்லை எவ்வாறு படிப்பது? கடல்முள்ளியை எடுத்துக்கொள்வோம். முள்ளந்தண்டில்லாத இவ்வுயிர் சுண்ணத் தகடுகளாலான ஓட்டினுள் வாழ்வது. ஓட்டின்மேல் முட்கள் செறிந்திருக்கும். அதன் உடலமைப்பு ஐந்தைந்தாய் அமைந்தது. அதன் ஐம்பல் தாடையை அரிஸ்ரோட்டில் விளக்கொன்றுக்கு ஒப்பிட்டமையால், அஃது இன்றும் அவர் பெயராலேயே வழங்குகின்றது. ஓடு வன்மையுடையதாதலின் கல்லிடை நெடிது நிலைக்கும். ஏறத்தாழ 45 கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட பாறைகளிலேயே இவ்வினத்தின் உயிர்ச்சுவடுகள் உள்ளன. 25 கோடி ஆண்டுகளுக்கு முன் கடலுயிர்களுட் பெரும்பாலானவை அழிந்தொழிந்த பேரழிவிலே சில கால்வழிகளே தப்பின. அவற்றின் வழிவந்தனவே இன்றுள்ள கடல்முள்ளிகள் அனைத்தும்.

பின்னர் சில இனங்கள் மணலையும் சேற்றையும் துளைத்து வாழத் தலைப்பட்டன. உருண்டையான உடலுக்கு முன்பின் என்னும் திசை உண்டாயிற்று. உச்சியிலிருந்த கழிவுவாய் பின்பக்கம் நகர்ந்தது. முட்கள் மயிர்போற் குறுகின. சேற்றை அப்படியே விழுங்கி வாழும் இருதய வடிவ இனத்துக்குத் தாடை வேண்டாதாயிற்று. ஆகவே அது மறைந்தது. பல்லிழந்தும் அவ்வினம் பல்கிற்று. கூர்ப்பு என்பது படிப்படியாக மேலேறும் ஏணி எனக் கருதுவோர் இதனைச் சிந்தித்தல் நன்று.

இங்கிலாந்தின் வெண்சுண்ணப் பாறைகளில் இக்கற்கள் நிறைந்துள்ளன. பண்டை மக்கள் அவற்றை இறந்தோரின் குழியிலே வைத்துப் புதைத்தனர். பிற்காலத்து நாட்டுப்புறத்தார் அவற்றை இடையர் முடி என்றும் இடியோடு வீழ்ந்த கல் என்றும் கூறினர். அக்கற்களின் வரலாற்றைப் படித்துச் சொன்னவருள் முதன்மையானவர் மாகேற் நகரத்து வைத்தியர் ஆதர் றோ என்பார். பல்வைத்தியரின் துளைகருவிகொண்டு ஓட்டின்மேற் படிந்த சுண்ணத்தை அகற்றி, ஒவ்வொன்றும் எந்தப் படையிற் கிடைத்தது என்பதை வழுவாது குறித்து, மைக்கிராஸ்ரர் என்னும் இனம் பற்றிய தம் ஆய்வை அவர் 1899இல் வெளியிட்டார். கீழ்ப்படையிலிருந்து மேற்படைக்குச் செல்லச் செல்ல, வாய் முன்விளிம்பை நோக்கி நகர்வதையும், அதன்மேல் உதடு போன்ற தகடு நீள்வதையும், முதுகிலுள்ள இதழ்வடிவப் பள்ளங்கள் ஆழ்வதையும் அவர் கண்டார். ஓட்டைக் கண்டே படையைச் சொல்லலாம் என்னும் அளவுக்கு அம்மாற்றம் ஒழுங்காயிருந்தது.

அத்துடன் ஆராய்ச்சி முடியவில்லை. 1954இல் கேர்மாக் அவ்வோடுகளை அளந்து புள்ளிவிபர முறையில் ஆராய்ந்தார். 1959இல் டேவிட் நிக்கல்ஸ் இன்று வாழும் இருதயக் கடல்முள்ளிகளோடு ஒப்பிட்டு, அம்மாற்றங்கள் ஆழமாகப் புதைந்து வாழ்வதற்கு ஏற்றவை என விளக்கினார். பின்வந்தோர் அவ்விளக்கத்தையும் ஐயுற்றனர். வரலாறு ஒற்றைக் கோடாகாது, கிளைகள் உடையது என்றனர். முன்னோரைத் திருத்தியமையால் அவர்களுக்கு இழுக்கு நேர்ந்ததாக எவரும் கருதவில்லை.

பண்டிதருக்கு இம்முறை புதிதன்று. ஏட்டுச் சுவடிகளை ஒப்புநோக்கிப் பாடபேதம் குறிப்பவர், எந்த ஏடு எங்கே கிடைத்தது, எது முந்தியது, எது பிந்தியது என்றன்றோ முதலில் வினவுகின்றார்? இடமும் அடுக்கும் தெரியாத ஏடு எவ்வாறு பாதி ஊமையோ, அவ்வாறே படை தெரியாத கல்லும் பாதி ஊமை. சுவடியை இத்துணை நேர்மையோடு படிக்கும் நாம், தொல்காப்பியத்துக்கு மட்டும் அது சொல்லாததை ஏற்றிச் சொல்லலாமா? அது நூலுக்குச் செய்யும் சிறப்பாகாது. தமிழில் எல்லாம் உண்டு என்று நம்பவைக்கப்பட்ட மாணவன் புதிதாகத் தேடுவதை நிறுத்திவிடுவான். கேட்டுள் எல்லாம் பெரிய கேடு அதுவே.

யாழ்ப்பாணக் குடாநாட்டின் சுண்ணக்கல்லும் ஒருகாலத்துக் கடலடியே. அது 2 கோடியே 30 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய மயோசீன் காலத்துக்குரியது. கிணறு வெட்டி எறிந்த கல்லிலே சிப்பியின் அச்சைக் காணும் சிறுவன், அஃது என்ன என்று முதலில் தன் ஆசிரியரிடமே கேட்பான். விஞ்ஞான ஆசிரியரைக் கேள் என்று தமிழாசிரியர் விலகுதல் கூடாது. எந்தக் கிணறு, எத்தனை அடி ஆழம், எந்த நாள் என்று நல்ல தமிழில் எழுதிவைக்க அவனுக்குக் கற்பிப்போமாக. அங்ஙனம் எழுதிய ஒரு பக்கம், மேடையிற் பெற்ற நூறு கைதட்டலினும் தமிழுக்கு ஆக்கம் தரும்.