பையைச் சுமப்பது யார்?

நம் பல்கலைக்கழக வளாகத்துப் புல்வெளியை யந்திரம் ஒன்று வாரந்தோறும் மழித்துச் செல்கிறது. வெட்டுண்ட புல் தரையிலே சிதறுவதில்லை; யந்திரத்தின் பின்னே தொங்கும் பையிலே போய் விழுகிறது. போகிறவர், வருகிறவர் யந்திரத்தைப் பார்க்கின்றனர். மழித்த புல்லின் அழகைப் பார்க்கின்றனர். ஓட்டுகிறவரின் தொப்பியைக்கூடப் பார்க்கின்றனர். பையைப் பார்ப்பார் இல்லை. அந்தப் பையைப் பற்றிச் சில சொல்ல விரும்புகிறேன்.

தமிழ் மன்றத்து மலரில் புல்லுக்கும் பைக்கும் என்ன வேலை? சங்க காலக் காதலைப் பற்றி எழுதக் கூடாதா, சிலம்பின் நீதியைப் பற்றி எழுதக் கூடாதா என்று நண்பர்கள் கேட்கக்கூடும். எழுதலாம்; எழுதுவதற்குப் பலர் இருக்கின்றனர். நான் பௌதிகம் படிக்கிறவன். சின்னக்கானலில் தேயிலைத் தோட்டத்து லயத்திலே வளர்ந்தவன். புல்லிலே தொடங்கித் தேயிலைக்குப் போவேன். இரண்டுக்கும் இடையே இந்தப் பைதான் பாலம்.

முதலில் புல் பை. இதை மாட்டுவது எளிது. யந்திரத்தை நிறுத்த வேண்டும். நிறுத்தியதும் கத்தி சில வினாடிகள் சுழன்றுகொண்டிருக்கும், அது ஓயும்வரை பொறுக்க வேண்டும். பின்புறத்திலே ஸ்பிரிங் வைத்த மூடி ஒன்று உண்டு. அதை ஒரு கையால் உயர்த்தி, பையின் சட்டத்திலுள்ள இரண்டு கொக்கிகளையும் யந்திரத்தின் கம்பியிலே மாட்டி, மூடியை விட்டால் அது பையின் வாய்மேல் படிந்துகொள்ளும். புல்லைப் பொடியாக்கித் தரைக்கே திருப்பும் அடைப்பு ஒன்று சில யந்திரங்களில் இருக்கும். அதைக் கழற்றாமல் பையை மாட்டினால் பை நாள் முழுதும் காலியாகவே தொங்கும். புல் புகும் வாயிலே அடைப்பு நேர்ந்தால், பிளக் வயரைக் கழற்றிய பிறகே அங்கே கையை விட வேண்டும். விரல் மீண்டும் முளைப்பதில்லை.

பை எப்படி நிரம்புகிறது? புல்லை யாரும் அள்ளிப் போடுவதில்லை. கத்தியின் பின்விளிம்பு சற்று மேல்நோக்கி வளைக்கப்பட்டிருக்கிறது. நிமிடத்துக்கு ஏறத்தாழ 3000 முறை அது சுழலும்போது விசிறியாகவும் வேலை செய்கிறது. காற்று எழும்பிப் புல்லை நிமிர்த்துகிறது, கத்தி வெட்டுகிறது, வெட்டிய புல்லை அதே காற்று பைக்குள் தள்ளுகிறது. உள்ளே புகுந்த காற்று வெளியேற வழி வேண்டுமே! அதனால்தான் பையைக் கண்ணறைத் துணியால் தைக்கின்றனர். தூசியும் ஈரமும் கண்களை அடைத்துவிட்டால் காற்றுக்குப் போக்கிடம் இல்லை. பாதி நிரம்புமுன்னே புல் வழியிலே நின்றுவிடும். துணியை அலசி உலர்த்தினால் யந்திரம் மறுபடி மனிதனாகிவிடும். இங்கிலாந்தின் ஸ்ட்ரௌட் ஊரிலே எட்வின் பட்டிங் என்பவர் 1830-இல் முதல் புல்வெட்டும் யந்திரத்துக்கு உரிமம் பெற்றார். கம்பளித் துணியின் பிசிரை மழிக்கும் ஆலை யந்திரத்தைப் பார்த்துத்தான் அவருக்கு அந்த யோசனை பிறந்தது. அந்த முதல் யந்திரத்திலேயே வெட்டிய புல்லை ஏந்த ஒரு தட்டு இருந்தது. ஆக, வெட்டுவதும் ஏந்துவதும் உடன்பிறந்தவை.

இங்கே ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள். ஈரப்புல் நிறைந்த பை பல கிலோ கனக்கும். ஆனால் அந்தக் கனம் ஓட்டுகிறவரின் தோளில் இல்லை, முதுகில் இல்லை. நான்கு சக்கரங்கள் சுமக்கின்றன. சக்கரங்களைத் தரை சுமக்கிறது. அவர் பையைத் தூக்குவது காலி செய்யும் அந்த ஒரு நிமிடந்தான். புல்லோ, விலையற்ற புல்! அதைப் பிடிக்கவும் சுமக்கவும் இருநூறு ஆண்டு மூளை உழைத்திருக்கிறது.

இப்போது மலையேறுவோம்.

மூணாறிலிருந்து கிழக்கே மலைப்பாதையில் சென்றால் சின்னக்கானல். ஆனையிறங்கல் நீர்த்தேக்கம் ஒரு பக்கம், சரிவெல்லாம் தேயிலை. அந்த மலைகளிலே 1880 வாக்கில் தேயிலை நடப்பட்டது. திருநெல்வேலிச் சீமையிலிருந்தும் மதுரை, இராமநாதபுரம் பக்கங்களிலிருந்தும் கங்காணிமார் அழைத்துவந்த தமிழ் மக்கள் காடு வெட்டினர், செடி நட்டனர், அங்கேயே மாண்டனர். தேயிலைச் செடியை வளரவிட்டால் மரமாகிவிடும். கவாத்து வெட்டி, இடுப்பளவிலே நிறுத்தி, மேற்பரப்பை மேசைபோல் சமனாக்கி வைக்கின்றனர். இதற்கு மட்டம் என்று பெயர். மட்டத்துக்குமேல் தளிர்க்கும் கொழுந்தை நாள் தவறாமல் எடுக்க வேண்டும். தூரத்திலிருந்து பார்க்கிற உல்லாசப் பயணிக்கு மலை முழுதும் மழித்த புல்வெளியாகத் தெரிகிறது. அவர் கண் பொய் சொல்லவில்லை. செய்கிற வேலையும் ஏறக்குறைய அதுதான்: பச்சைப் பரப்பின் மேல்நுனியை வெட்டிப் பையிலே சேர்ப்பது. ஒரு வேறுபாடு, இங்கே சக்கரம் இல்லை.

முன்பு விரலே கருவி. இரண்டு இலையும் ஒரு மொட்டும் கிள்ளி, கை நிறைந்ததும் முதுகுப்புறம் எறிவார்கள். எது முற்றியது, எது இளசு, எதை அடுத்த வாரத்துக்கு விடவேண்டும் என்பது விரலுக்குத் தெரியும். ஆள் பற்றாக்குறையும் செலவுக் கணக்கும் வந்தபின் கத்திரி வந்தது. இந்தக் கத்திரி தையற்காரர் கத்திரியன்று. நீண்ட இரு கத்திகள். ஒரு கத்தியோடு தட்டும், தட்டோடு பெட்டியோ பையோ பொருத்தியிருக்கும். வெட்டி ஒரு வீச்சு வீசினால் கொழுந்து பெட்டிக்குள் சரியும். பெட்டி நிறைந்ததும் கத்திரியோடு தூக்கித் தோளுக்கு மேலாக முதுகுச் சாக்கிலே கொட்ட வேண்டும். கத்திரிக்கு இளசும் முற்றலும் ஒன்றே. அதனால் வெட்டு மட்டத்தைவிடச் சற்று உயர்ந்தே நிற்க அடியில் ஒரு தாங்கி வைப்பதுண்டு. ஒரு வெட்டுக்கும் அடுத்த வெட்டுக்கும் இடையே நாட்களைக் கூட்டுவதும் உண்டு. ஜப்பானியர் பைவைத்த இந்தக் கைக்கத்திரியை 1910-களிலேயே கண்டுவிட்டனர். நம் மலைகளுக்கு அது பின்னாளில் வந்து சேர்ந்தது.

பௌதிகம் படித்தவன் வாயை மூடிக்கொண்டிருக்க முடியாத இடம் இது. ஒரு கிலோ கொழுந்து பெட்டியில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். அது கையிலே இல்லை. கைக்கு அப்பால் ஏறத்தாழ 40 சென்டிமீட்டர் தள்ளி நிற்கிறது. நெம்புகோல் விதிப்படி மணிக்கட்டும் தோளும் அதைத் தாங்க வேண்டும். ஒரு லிட்டர் தண்ணீர்ப் புட்டியை ஒரு கோலின் நுனியில் கட்டி, கோலைக் கிடையாக நீட்டிப் பிடித்துப் பாருங்கள். ஒரு நிமிடத்திலே புரியும். தோட்டத்துப் பெண் பிடித்துக்கொண்டு நிற்பதில்லை. ஒவ்வொரு வெட்டுக்கும் வீசுகிறாள். நிமிடத்துக்கு முப்பது வெட்டு என்றாலும் மணிக்கு 1800. ஆறு மணி நேரத்துக்கு 10,800. பெட்டிக்கு ஒரு கிலோவானால் இருபத்தைந்து கிலோவுக்கு இருபத்தைந்து முறை தோளுக்குமேல் தூக்கல். முதுகிலே சாக்கு ஏறிக்கொண்டே போகிறது. காலடியிலோ வழுக்கும் சரிவு, மழை, அட்டை. இத்தனையும் நான் ஏட்டிலே கண்டதன்று. இரவிலே என் தாயார் தோளுக்கு எண்ணெய் தேய்க்கும் மணம் எங்கள் லயத்து வீட்டின் மணமாகவே இருந்தது.

இருபத்தைந்து என்ற எண்ணைச் சும்மா எடுக்கவில்லை. 2015 செப்டம்பரில் மூணாறு வீதியிலே ஆயிரக்கணக்கான தோட்டப் பெண்கள் அமர்ந்தனர். பொம்பிளை ஒருமை என்று நாடே பேசிற்று. எந்தத் தொழிற்சங்கத் தலைவரையும் முன்னே விடவில்லை. பத்து விழுக்காடு என்று அறிவிக்கப்பட்ட போனஸை, கருணைத்தொகையும் சேர்த்து இருபதாக ஆக்கினர். அப்போது நாட்கூலி 232 ரூபாய். அவர்கள் கேட்டது 500. அதன்பின் நடந்த பேச்சில் கூலி 301 ஆயிற்று. கூடவே, நாளொன்றுக்கு எடுக்க வேண்டிய கொழுந்து 21 கிலோவிலிருந்து 25 கிலோவாக உயர்ந்தது. கூலி உயர்ந்ததைப் பத்திரிகைகள் பெரிய எழுத்திலே போட்டன. கிலோ உயர்ந்ததைச் சிறிய எழுத்திலே போட்டன. தோளுக்குத் தெரிந்தது சிறிய எழுத்துத்தான்.

கிலோவை உயர்த்தலாம் என்று மேசையிலே அமர்ந்தவர்கள் எதை நம்பிச் சொன்னார்கள்? கத்திரி இருக்கிறது, விரைவாக வெட்டலாம் என்பதை நம்பி. உண்மை, வெட்டுவது விரைவாயிற்று. சுமப்பது விரைவாயிற்றா? அறிவு முழுவதும் கத்திமுனையிலே நின்றுவிட்டது. பைக்கு வந்து சேரவில்லை. என் குறை இதுவே.

கத்திரியே கேடு, விரலுக்குத் திரும்புவோம் என்பார் சிலர். தரமான தேயிலைக்கு விரல் வேண்டும் என்பது மெய். முற்றலும் தண்டும் கலந்த கொழுந்து நல்ல தூளாகாது. ஆனால் விரலுக்குத் திரும்பிவிட்டுக் கிலோவைமட்டும் திருப்பாமல் வைத்தால் பெண்கள் என்ன செய்வார்கள்? வேறு சிலர், மோட்டார் யந்திரம் வரட்டும், எல்லாத் துன்பமும் தீரும் என்பர். அவர்களுக்கும் ஒரு சொல். இருவர் இருபுறமும் பிடித்துச் செல்லும் கொழுந்து யந்திரத்தை ஜப்பானிலே பரவலாகப் பயன்படுத்துகின்றனர். புல்வெட்டும் யந்திரத்தைப் போலவே அதிலும் காற்று உண்டு. வெட்டிய கொழுந்தைப் பின்னே நீளும் பைக்குள் ஊதித் தள்ளும். அந்தப் பையை யார் சுமக்கிறார்? செடி சுமக்கிறது! அங்கே தேயிலையை நேர்வரிசையாக, வேலிபோல் இடைவெளியின்றி நட்டிருக்கின்றனர். பை அந்த வரிசையின் முதுகின்மேல் வழுக்கிக்கொண்டே பின்தொடர்கிறது. எவ்வளவு எளிய யோசனை! நம் பழைய தோட்டங்களிலோ செடிக்குச் செடி இடைவெளி, நடுநடுவே பாறை, செங்குத்தான சரிவு. அந்தப் பை இங்கே செடிகளுக்கு இடையில் விழுந்து சிக்கும். மறுபடி அதைத் தூக்குவது மனிதத் தோளே. யந்திரத்தை விலைக்கு வாங்கலாம், அதற்குரிய நிலத்தைக் கப்பலில் ஏற்ற முடியாது.

இன்னொன்று, சின்னக்கானல்காரன் சொன்னால்தான் தெரியும். எங்கள் மலை யானை நடமாடும் மலை. அரிசி தேடி ரேஷன் கடையை உடைத்த அரிக்கொம்பனை 2023 ஏப்ரலில் மயக்க ஊசியிட்டுப் பிடித்துப் பெரியார் காட்டுக்குக் கொண்டுபோன செய்தியை நீங்களும் படித்திருப்பீர்கள். ஒரு யானை போனதால் யானைகள் போய்விடவில்லை. மூடுபனியிலே கண் உதவாது. கிளை முறியும் ஓசைதான் எச்சரிக்கை. காதருகே மோட்டார் இரைந்தால் அந்த ஓசை கேட்குமா? யந்திரத்தை ஆதரித்து எழுதுகிறவர்கள் இதற்கு ஒரு வரி ஒதுக்கினால் நன்று.

அப்படியானால் வேண்டுவது என்ன? கத்திரியைத் தூக்கி எறிவதன்று, பெட்டியைத் திருத்துவது. கத்திரியின் முன்பாரத்தைக் கையிலிருந்து எடுத்துத் தோள்வாருக்கு மாற்றலாம். கல்யாண வீட்டிலே மேளம் அடிப்பவர் மேளத்தைக் கையிலா பிடித்திருக்கிறார்? பெட்டியைக் கத்திரியோடு ஒட்டாமல், ஒரு குழாய்த் துணியால் இடுப்புப் பையோடு இணைக்கலாம். அப்போது தோளுக்குமேல் தூக்கிக் கொட்டும் வேலை குறையும். முதுகுச் சாக்குக்கு அடியிலே வாய் வைத்தால் கவிழ்க்காமலே கொட்டலாம். துணி எதுவாக இருக்க வேண்டும் என்பதிலும் புல் பை நமக்கு ஆசிரியர். அங்கே கண்ணறைத் துணி காற்று வெளியேறுவதற்கு. இங்கே கொழுந்து மூச்சுவிடுவதற்கு. பறித்த பின்னும் இலை உயிர்க்கிறது, வெப்பம் விடுகிறது. திணித்து அடைத்தால் சூடேறி, நசுங்கிய இடமெல்லாம் சிவந்து, ஆலைக்குப் போகுமுன்னே கெட்டுவிடும். ஆக, நல்ல பை தோளுக்கும் நல்லது, தூளுக்கும் நல்லது. முதலாளி இதை முதற்காரணத்துக்காகச் செய்யாவிட்டாலும் இரண்டாம் காரணத்துக்காகவாவது செய்யலாம்.

எடைபோடும் இடத்தைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். நான் சிறுவனாயிருந்தபோது பார்த்த ஒரு தோட்டத்திலே, சாக்குக்கென்று கழிப்பார்கள். மழை நாளில் ஈரத்துக்கென்று கழிப்பார்கள். சாக்கை எவரும் தனியே நிறுத்ததில்லை. ஈரத்தை எவரும் அளந்ததில்லை. கண்ணால் பார்த்து வாயால் கழித்தார்கள். பையின் எடை பெண்ணுக்குக் கனமாகவும் புத்தகத்தில் கழிவாகவும் இருமுறை அவள் கணக்கிலேயே ஏறியது. மாறாத எடையுள்ள பை, அந்த எடை மேலேயே அச்சிட்ட பை. இதற்கு மேல்நாட்டு நிபுணர் வர வேண்டியதில்லை.

வால்பாறையில் உபாசியின் தேயிலை ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. நம் வகுப்பறைகளிலே விசைமானி இருக்கிறது, திருப்புத்திறன் கணக்கு இருக்கிறது, செய்முறைத் திட்டத்துக்குத் தலைப்புத் தேடி அலையும் முதுகலை மாணவர்களும் இருக்கின்றனர். கோடை விடுமுறையில் இருவர் என்னோடு வருவதாயிருந்தால் தங்க இடம் எங்கள் லயத்திலே உண்டு. அளவெடுக்க வேண்டியவை மூன்று: நிறைந்த பெட்டியின் எடை, கையிலிருந்து அதன் தூரம், நாளொன்றுக்கு எத்தனை தூக்கல். அளந்த பின் வரைபடம் போடலாம். போடுமுன் அத்தையிடமும் சித்தியிடமும் கேட்க வேண்டியது ஒன்று, வார் இடத்தோளில் வர வேண்டுமா, வலத்தோளிலா என்பது. என் தாயார் வலத்தோள் என்கிறார். அடுத்த வீட்டு அத்தை இடது என்று அடித்துச் சொல்கிறார்.